எரிமலையில் போட்ட மஞ்சத்துணி

அந்தப் பையை மட்டும் மிதிச்சுடாதீங்க தம்பி. சாமி சமாச்சாரம், கால்கிட்ட வைக்கக் கூடாதுதான். மேல வைக்கலாம்னா, இந்த பஸ்ஸுக் கம்பி ஆடுற ஆட்டத்துல யார் தலையிலயாவது விழுந்து மண்டை உடைஞ்சா அதுக்கு வேற நான் பதில் சொல்லணும். மாயவரத்துல ஏறினதுலேருந்து மடியிலதான் வச்சிருந்தேன். தஞ்சாவூர் வர்றதுக்குள்ள தொடை மரத்துப்போச்சு. உள்ள என்னவா? வெறும் சில்லறைக் காசு. மஞ்சத்துணியில முடிஞ்சு வச்ச வேண்டுதல் காசு.

நீங்க எதுவரைக்கும்? திருச்சியா? நல்லதாப் போச்சு. நான் ஏர்போர்ட்டுக்கு. ஆமா, இந்த வேட்டியோடதான். இந்தோனேசியா போறேன். அப்படிப் பாக்காதீங்க, டிக்கெட் என் பொண்ணு போட்டது. அங்க ஜாவான்னு ஒரு தீவு. அந்தத் தீவுல புரோமோன்னு ஒரு எரிமலை. அந்த எரிமலை வாய்க்குள்ள இந்த மூட்டையைப் போட்டுட்டு வரணும். ஏற்கெனவே ஒரு தடவை போட்டாச்சு. போட்டது எப்படி என் மடிக்கு வந்துச்சுன்னு கேட்டீங்கன்னா, அதுதான் நான் பண்ணின நல்ல காரியம். இந்தக் காலத்துல நல்ல காரியம் பண்றவன் கதி இப்படித்தான். பஸ்ஸு, பிளேனு, ஜீப்புன்னு ஏறி ஏறி இறங்கணும்.

எம் பேரு வைத்திலிங்கம். முத்திரை ஆய்வாளரா இருந்து ரிட்டயர்டு ஆனவன். கடைக்குக் கடை போய்த் தராசைப் பாத்து, எடைக்கல்லைப் பாத்து முத்திரை குத்துற உத்தியோகம். கல்லுக்கு அடியில ஈயத்தைச் சுரண்டினவன், தட்டுக்கு அடியில புளியை ஒட்டினவன், எல்லாரையும் பாத்த கண்ணு இது. வைத்திலிங்கம் கண்ணுல மண்ணைத் தூவ ஒருத்தன் பொறந்து வரணும்னு ஆபீஸ்ல பேசிக்குவாங்க. நானும் அப்படித்தான் நம்பிக்கிட்டு இருந்தேன்.

எனக்கும் மலைக்கும் என்ன சம்பந்தம் சொல்லுங்க. மாயவரத்துக்காரனுக்கு மலையைப் பத்தி என்ன தெரியும்? ஆத்தங்கரை மேட்டுல ஏறி நின்னா அதுதான் எங்களுக்கு உசரம். இதோ வல்லம் வருது பாருங்க, இந்த மேட்டுல பஸ்ஸு மூச்சு வாங்குதுல்ல, இதையே மலைப்பிரதேசம்னு நினைச்சு வளந்தவங்க நாங்க. அப்பேர்ப்பட்ட தட்டை பூமியில பொறந்த என் பொண்ணு, எரிமலை படிக்கப் போறேன்னு வந்து நின்னா. டாக்டருக்குப் படிக்கறாங்க, வக்கீலுக்குப் படிக்கறாங்க. எரிமலைக்குப் படிப்பாங்களா?

ஒரே பொண்ணு. நித்தியகல்யாணின்னு ஆசையாப் பேரு வச்சேன். பேர்ல இருக்கிற கல்யாணத்தோட சரி. முப்பத்தாறு வயசாவுது. ஜப்பான்காரன் பணம் போடுறான், இந்தோனேசியாக்காரன் இடம் குடுக்கறான், நம்ம பொண்ணு போய்க் காதைக் குடுத்துக் கேக்கறா, மலையோட வயித்துச் சத்தத்தை. புரோமோவுக்குப் பின்னாடி செமேருன்னு இன்னொரு மலை இருக்கு. அந்தத் தீவுலயே உசரம் அதுதானாம். அது கொஞ்ச நேரத்துக்கு ஒரு தடவை குப்புன்னு புகையைத் துப்பும், சுருட்டுக் குடிக்கிற கிழவன் மாதிரி. அது ஒவ்வொரு தடவை இருமறதையும் என் பொண்ணு மணி பாத்துக் குறிச்சு வைக்கறா. இங்க நான் மார்கழி பூரா இருமினேன். ஒரு போன் கிடையாது.

சரி, கல்யாண விஷயத்துக்கு வர்றேன். மாப்பிள்ளை தேடுறதுல நான் குறை வச்சேன்னு எவனும் சொல்ல முடியாது. செம்பனார்கோயில் ரைஸ்மில்காரர் பையன் வந்தான். கும்பகோணத்துப் பல் டாக்டர் வந்தான். நெய்வேலியில இன்ஜினீயர் ஒருத்தன் வந்தான். இவ லீவுல வரும்போதெல்லாம் நான் ஒரு கோஷ்டியைக் கூட்டிட்டு வந்துடுவேன். பஜ்ஜி, கேசரி, காபி. என் வீட்டம்மா இருக்காளே, தையல்நாயகி, அவ ஒவ்வொரு தடவையும் ஒரு காரியம் செய்வா. மாப்பிள்ளை வீட்டுக் காரு தெருமுனையில திரும்பினதும் பூஜை ரூமுக்குள்ள போவா. மஞ்சத்துணியை எடுப்பா. ஒரு காசை வச்சு, கண்ணை மூடி உதட்டுக்குள்ள என்னமோ சொல்லி, முடிச்சுப் போட்டுட்டு வந்துதான் காபித் தட்டைத் தொடுவா. பெத்தவ வேண்டுதல் வீண் போகாதுன்னு எனக்கு அப்படியே மனசு குளிர்ந்துபோகும். அதுலயும் அந்தக் காசு இருக்கு பாருங்க, அதை என் சட்டைப் பையிலேருந்து நான்தான் எடுத்துக் குடுப்பேன். ஒவ்வொரு தடவையும்.

ஆனா ஒண்ணும் கூடி வரல. ரைஸ்மில்காரர் வீட்ல, ஜாதகத்துல எட்டாம் இடம் சரியில்லைன்னு திடீர்னு கண்டுபிடிச்சாங்க. பல் டாக்டர் நிச்சயதார்த்தத்துக்கு முந்தின வாரம் தன் கிளினிக்ல இருந்த நர்ஸைக் கல்யாணம் பண்ணிக்கிட்டுப் போயிட்டான். நெய்வேலிக்காரன், "எரிமலையா? அப்ப சமையல் தெரியாதா?"ன்னு கேட்டான். இவ, "எரிமலைக்குச் சமைச்சுத்தான் போடுறேன்"னு சொல்லிட்டா. போச்சு. ஒவ்வொண்ணும் தட்டிப்போக, நான் என்ன செஞ்சேன் தெரியுமா? சாமிக்குக் காசு பத்தலைன்னு நினைச்சேன். ஒரு ரூபா குடுத்தவன் அஞ்சு ரூபாவாக் குடுத்தேன். அப்புறம் பத்து ரூபாக் காசு. அதாவது, எடை கூட்டிப் பாத்தேன். தையல் முகத்துல ஒரு வருத்தம் தெரியணுமே, தெரியாது. நேரா அடுப்படிக்குப் போயி மிச்சம் இருக்கிற பஜ்ஜியைச் சாப்பிடுவா. என்ன மனோதைரியம் பாருன்னு நான் அவளை மெச்சிக்குவேன்.

போன மாசம்தான் ரெண்டு பேரும் பொண்ணைப் பாக்கப் போனோம். நான் சும்மா போகல. போன்ல ஒரு மாப்பிள்ளை போட்டோவோட போனேன். பாபநாசத்துல துணைத் தாசில்தார். முதல் சம்சாரம் தவறிட்டாங்க. தங்கமான மனுஷன், தலை மட்டும் கொஞ்சம் வழுக்கை. இந்தத் தடவை பொண்ணை மூட்டை கட்டிக் கையோட கூட்டிட்டு வந்துடணும்னு முடிவோடதான் பிளேன் ஏறினேன். தையலும் ஒரு முடிவோடதான் வந்திருக்கா. அது எனக்குத் தெரியாது. மஞ்சத்துணி மூட்டையை இடுப்புப் பையில வச்சுக்கிட்டு வந்தா. எதுக்குடின்னு கேட்டேன். "இருக்கட்டும்"னா.

நாங்க போன சமயம் அந்த மலைக்காரங்களுக்குத் திருவிழா. கசடான்னு பேரு. அங்க சுத்துவட்டாரத்துல இருக்கிற மலை ஜனங்க நம்மள மாதிரி இந்துக்களாம். வருஷத்துக்கு ஒரு பௌர்ணமிக்கு, விளைஞ்சதையெல்லாம் தூக்கிட்டு வந்து எரிமலை வாய்க்குள்ள போடுறாங்க. முட்டைகோஸு, உருளைக்கிழங்கு, பூ, பணம், உயிர்க்கோழி. ஆட்டுக்குட்டிகூட. என்னடா காரணம்னா, அதுக்கு ஒரு கதை இருக்குன்னு பொண்ணு ஜீப்புல வரும்போது சொன்னா. பிள்ளையில்லாத ராஜாவும் ராணியும் மலைகிட்ட வேண்டிக்கிட்டாங்களாம். மலை நிறையப் பிள்ளைங்களைக் குடுத்துட்டு, கடைசிப் பிள்ளையை மட்டும் எனக்குக் குடுத்துடணும்னுச்சாம். பெத்தவங்களுக்கு மனசு வரல. மலை தானே எடுத்துக்கிச்சாம். உள்ளே போன பிள்ளை, "எனக்காக அழாதீங்க, வருஷா வருஷம் ஏதாவது கொண்டுவந்து போடுங்க"ன்னு குரல் குடுத்துச்சாம். தையல் கண்ணைத் துடைச்சுக்கிட்டா. நான், "நிறையப் பெத்தவன் ஒண்ணைக் குடுக்கலாம், ஒண்ணே ஒண்ணைப் பெத்தவன்கிட்டயும் மலை வந்து கேக்கலாமா?"ன்னு கேட்டேன். ஜீப்புல ஒரு சத்தம் இல்ல. டிரைவருக்குத் தமிழ் தெரியாது, சரி. இவங்க ரெண்டு பேருக்கும் தெரியும்ல?

அந்த இடத்தை எப்படிச் சொல்றது? பெரிய மலை ஒண்ணு என்னிக்கோ வெடிச்சு உள்வாங்கிப்போச்சு. அந்தக் குழி இருக்கே, மாயவரம் டவுனையே தூக்கி உள்ள வைக்கலாம். குழிக்குள்ள பூராக் கறுப்பு மணல். மணலுக்கு நடுவுல புதுசா மலைங்க முளைச்சிருக்கு. ஒண்ணு மடிப்பு மடிப்பாப் பாவாடையை விரிச்சு உக்காந்த மாதிரி, பச்சையா, சமத்தா இருக்கு. அதுக்குப் பக்கத்துல சாம்பல் கலர்ல ஒண்ணு, உச்சி வெட்டுப்பட்டு, கல்யாண மண்டப ஆக்குப்புரை மாதிரி புகை விட்டுக்கிட்டு நிக்குது. அதுதான் புரோமோ. சமத்தா இருக்கிறதைப் பாக்க ஒரு ஆள் கிடையாது. புகையிறதைத்தான் உலகமே வந்து பாக்குது. என் பொண்ணும் அதைத்தான் பாத்துக்கிட்டுக் கிடக்கறா.

மணல் பூரா எனக்குக் குதிரை. நான் ஏறும்போது அந்தக் குதிரை திரும்பி ஒரு பார்வை பாத்துச்சு, அதை என் வாழ்நாள்ல மறக்க மாட்டேன். தையல் நடந்தே வந்தா. அப்புறம் படிக்கட்டு. சிமென்ட்டுப் படி, செங்குத்தா. எனக்குக் கல்யாணி ஒரு பக்கம், குதிரைக்காரன் ஒரு பக்கம் கைகுடுத்துத் தள்ளிக்கிட்டுப் போனாங்க. தையல் எங்களுக்கு முன்னாடி போறா! மாடி வீட்டுக்குத் தண்ணிக்குடம் தூக்கிப் பழகின காலு. பாதியில நின்னு திரும்பி, "மெதுவா வாங்க, மலை எங்கயும் போயிடாது"ன்னா. கிண்டல் பண்றா. என்னை! எரிமலைக் காத்து பட்டதும் வாய் வந்துடுச்சு.

மேல போனா வெடி வெடிச்ச மறுநாள் தெரு மாதிரி ஒரு நாத்தம். விளிம்புன்னு பாத்தா ஒத்தையடிப் பாதை. அந்தப் பக்கம் சரிஞ்சா ஆளு காலி. அந்த விளிம்புல யாரு உக்காந்திருக்கார்ங்கறீங்க? நம்ம பிள்ளையார். கல்லுப் பிள்ளையார், அருகம்புல்லு மட்டும்தான் இல்ல. எனக்கு அப்படியே ஒரு தெம்பு வந்துடுச்சு. சாமி நம்ம ஆளு, சந்நிதியிலயே பேச்சை முடிச்சுடுவோம்னு போனை எடுத்துத் தாசில்தார் போட்டோவை நீட்டினேன்.

"அப்பா, இங்க வச்சா?"ன்னு கேட்டா கல்யாணி.

"வேற எங்க வச்சுக் காட்டுறது? நீதான் வீட்டுப்பக்கமே வர்றதில்லையே."

"அப்பா, நேத்து எனக்கு ஆர்டர் வந்துடுச்சுப்பா. வேலை நிரந்தரம். இனிமே வருஷா வருஷம் எழுதி வாங்க வேண்டாம். நான் இங்கயேதான் இருக்கப் போறேன். இந்தப் போட்டோவையெல்லாம் விட்டுடுங்கப்பா, ப்ளீஸ்."

நான் வாயைத் திறக்கறதுக்குள்ள தையல் கேக்கறா, "நெசமாவா கல்யாணி? இனிமே யாரும் உன்னைப் போகச் சொல்ல முடியாதா?"

"முடியாதும்மா."

அவ்வளவுதான் தம்பி. தையல் இடுப்புப் பையைத் திறந்தா. கண்ணைத் துடைக்கத் துண்டு எடுக்கறா பாவம்னு நினைச்சேன். மஞ்சத்துணி மூட்டையை எடுத்தா. ரெண்டு கண்ணுலயும் ஒத்திக்கிட்டா. கையை நல்லாப் பின்னாடி இழுத்து, வீசினா பாருங்க ஒரு வீச்சு! கல்யாணம் ஆனதுலேருந்து அவ ஒரு கரண்டியை வேகமா வச்சுக்கூட நான் பாத்ததில்ல. மூட்டை புகைக்குள்ள போயிடுச்சு. அம்மாவும் பொண்ணும் கட்டிப் பிடிச்சுக்கிட்டு அழறாங்க. தையல் மனசு வெறுத்துட்டா, இனிமே கல்யாணம் நடக்காதுன்னு வேண்டுதலையே தலைமுழுகிட்டான்னு நினைச்சேன். யாரா இருந்தாலும் அப்படித்தான நினைப்பாங்க? நீங்களே சொல்லுங்க.

அவங்க ரெண்டு பேரும் பிள்ளையார்கிட்ட போயிட்டாங்க. நான் எட்டிப் பாத்தேன். எரிமலைக்கு உள்பக்கம், சரிவுல, ஆளுங்க நிக்கறாங்க தம்பி! கையில நீள மூங்கில் கழி, நுனியில வலை. நம்ம ஊர்ல மாங்கா பறிப்போமே, அதேதான். மேலேருந்து ஜனங்க சாமிக்குன்னு போடுறாங்க, இவங்க நடுவுல லபக்னு பிடிக்கறாங்க. கோஸைப் பிடிக்கறான், கோழியைப் பிடிக்கறான். அதுல ஒருத்தன் வலையில, மஞ்சளா, எங்க வீட்டு மூட்டை!

எனக்கு எப்படி இருக்கும்? உத்தியோகம் பூரா நான் பிடிச்ச ஆளுங்க இவங்கதான். சாமிக்கும் பக்தனுக்கும் நடுவுல நின்னு எடை குறைக்கறவன். "ஏய்!"னு ஒரு அதட்டல் போட்டேன். கையைக் காட்டி, மூட்டையைக் காட்டி, நெஞ்சைத் தட்டிக் காட்டினேன். அந்த ஆளு என்னைப் பாத்தான். சரிவுல கையை ஊனி ஏறி வந்தான். சிரிச்சுக்கிட்டே, குனிஞ்சு, ரெண்டு கையாலயும் மூட்டையைக் குடுத்தான். ரூபா நோட்டை நீட்டினேன், வேண்டாம்னு தலையாட்டிட்டு, வலையிலேருந்து ஒரு முட்டைகோஸையும் எடுத்து என் கையில வச்சுட்டுப் போயிட்டான். பிடிபட்டவன் பணிஞ்சுபோறது எனக்குப் பழக்கம்தான். ஆனா கோஸு குடுத்துட்டுப் போனவன் இவன் ஒருத்தன்தான். கோஸைக் குதிரைக்குப் போட்டேன். மூட்டையைச் சால்வைக்குள்ள சுருட்டி வச்சுக்கிட்டேன். வீட்டுக்குப் போனதும் பூஜை ரூம்ல பழையபடி வச்சுட்டு, "பாத்தியா, உன் வேண்டுதலை எப்படிக் காப்பாத்திக் குடுத்தேன்"னு காட்டணும்னு ஆசை.

காட்ட ஆளு வரணுமே! கிளம்புற அன்னிக்குக் காலையில தையல் என் பொட்டியை மட்டும் வாசல்ல கொண்டுவந்து வச்சா. "நீங்க போங்க. நான் இருந்துட்டு வர்றேன்"னா.

"எத்தனை நாளைக்கு?"

"பாக்கலாம்."

பாக்கலாமாம். நாங்க குடியிருக்கிற ஃபிளாட்டுக்கு நான் சங்கச் செயலாளர், மோட்டார் ரிப்பேரு, எனக்குத் திரும்பியே ஆகணும். தனியாத்தான் வந்தேன். ஏர்போர்ட்டு ஸ்கேன்ல இந்த மூட்டையைப் பாத்துட்டு செக்கிங் பண்றவன் என்னைத் தனியா உக்கார வச்சு, ஒவ்வொரு முடிச்சையும் தடவித் தடவிப் பாத்தான். எல்லாம் இவளுக்காக.

அவ இல்லாம எனக்கு ஒண்ணும் குறைச்சல் இல்ல. அதைச் சொல்லிடறேன். மெஸ்ல சாப்பாடு, சாம்பார்ல பருப்பு எங்கயோ தூரத்துல இருக்கும், இருந்தா என்ன? குக்கர்தான் கொஞ்சம் மரியாதையில்லாம நடந்துக்கிச்சு, சோறு கூரையில ஒட்டியிருக்கு, இன்னும் எடுக்கல. ராத்திரி டி.வி.யைப் பாத்துக் கருத்துச் சொன்னா "ம்"னு சொல்ல ஆள் இல்ல. அது ஒரு குறையா? அங்கேருந்து போட்டோ வருது. தையல் குல்லா போட்டுக்கிட்டு, ஸ்வெட்டர் போட்டுக்கிட்டு, சந்தையில மலைக்காரப் பொம்பளைங்களோட நின்னுக்கிட்டு, பல்லு தெரியச் சிரிக்கறா. அவளுக்கு இடது பக்கம் ஒரு தெத்துப்பல்லு இருக்கு தம்பி. இத்தனை வருஷம் ஒரே வீட்ல இருக்கேன், எனக்கு இப்பத்தான் தெரியுது. விசாவையும் இன்னொரு மாசம் நீட்டிச்சுக்கிட்டா.

போன வாரம் தாசில்தார் வீட்லேருந்து மறுபடி கேட்டாங்க. மனசு கேக்கல, போன் போட்டேன். "தையல், ஒரு சந்தோஷ சமாச்சாரம். நீ வெறுத்துப்போயித் தூக்கி எறிஞ்சியே, அந்த மூட்டை பத்திரமா நம்ம வீட்லதான் இருக்கு. வலைக்காரன்கிட்டேருந்து மீட்டுக்கிட்டு வந்துட்டேன். இந்த மாப்பிள்ளைக்கும் ஒண்ணு முடிஞ்சு வச்சுடட்டுமா?"ன்னேன்.



"எடுத்துட்டு வந்துட்டீங்களா?"ன்னா. குரலே மாறிப்போச்சு. "ஏங்க, அந்தக் காசெல்லாம் எதுக்கு முடிஞ்சேன்னு நினைச்சீங்க?"

"கல்யாணம் கூடி வரணும்னு."

"கூடி வரக் கூடாதுன்னுங்க."

எனக்குக் காதுல விழுந்துச்சு, மண்டையில ஏறல. மறுபடி கேட்டேன். பொறுமையா, பிள்ளைக்குச் சொல்ற மாதிரி சொன்னா. ஒவ்வொரு கோஷ்டி வரும்போதும், "பிள்ளையாரப்பா, இது தட்டிப்போயிடணும், எம்பொண்ணு படிச்ச படிப்போட, அவ மலையோட இருக்கணும்"னு சொல்லித்தான் முடிஞ்சாளாம். ரைஸ்மில்லுக்கு ஒண்ணு. பல் டாக்டருக்கு ஒண்ணு. தாசில்தாருக்குப் பிளேன் ஏறுறதுக்கு முன்னாடியே முடிஞ்சாச்சாம். வேலை நிரந்தரம்னு கேட்டதும், வேண்டுதல் பலிச்சுடுச்சுன்னு, மலை விளிம்புல அந்தப் பிள்ளையார் கண்ணெதிரவே நன்றி சொல்லிப் போட்டாளாம்!

பாத்தீங்களா தம்பி? என் வீட்டுப் பூஜை ரூம்ல, என் காசுல, எனக்கு எதிரா! ஊர்ல இருக்கிற தராசையெல்லாம் பிடிச்ச ஆளு நான். பிள்ளையாராவது நடுநிலையா இருந்திருக்கலாம். அவர்கிட்ட நானும்தான் தேங்கா உடைச்சேன்.

கோவம் வராதா? கத்தினேன். "பெத்த தாயாடி நீ? ஊர்ல பொம்பளைங்கள்லாம் பொண்ணுக்குக் கல்யாணம் ஆகணும்னு வேண்டிக்கறாங்க!"ன்னேன். அவ கத்தல. அவளுக்குக் கத்தத் தெரியாது. "டீச்சர் ட்ரெயினிங்குக்கு எனக்கு சீட்டு வந்த வாரம்தான் நீங்க பொண்ணு பாக்க வந்தீங்க. அன்னிக்கு எங்கம்மா எனக்காக ஒண்ணும் முடிஞ்சு வைக்கல. காபி மட்டும்தான் போட்டாங்க"ன்னா.

எனக்கு அது எப்படித் தெரியும்? பஜ்ஜி சாப்பிட வந்தவன்கிட்ட, உள்ள பொண்ணு அழுதுக்கிட்டிருக்குன்னு யாரு வந்து சொல்லுவா? காபி நல்லா இருந்துச்சு. நல்லா இருக்குன்னு நான் சொன்னேன், எனக்கு ஞாபகம் இருக்கு. அதுக்கு மேல நான் என்ன செஞ்சிருக்கணும்ங்கறீங்க?

அப்புறம் உத்தரவு போட்டா. "அந்த வலைக்காரன் எடுத்துட்டுப் போயிருந்தா எனக்குச் சந்தோஷம். சாமிக்குப் போட்டதை இல்லாதவன் எடுத்தா அதுவும் சாமிக்குச் சேர்ந்த மாதிரிதான்னு இங்க சொல்றாங்க. போட்டவ வீட்டுக்கே அது திரும்பி வரக் கூடாது. நீங்க கொண்டுபோனது, நீங்களே கொண்டுவந்து போடுங்க. குதிரை வேண்டாம். நடந்து ஏறி வாங்க." அதுக்குத்தான் தம்பி போறேன். சாமி குத்தம் ஆகக் கூடாது பாருங்க. மத்தபடி அவளைக் கூப்பிடப் போறேன்னு நீங்களா ஒண்ணும் நினைச்சுக்காதீங்க. நான் அப்படிப்பட்ட ஆளே இல்ல.

துவாக்குடி தாண்டிடுச்சா? இன்னும் கொஞ்ச நேரத்துல மலைக்கோட்டை தெரியும். சின்ன வயசுல அதைப் பாத்து, அடேயப்பான்னு வாயைப் பொளந்து நின்னிருக்கேன். இனிமே அதெல்லாம் எனக்கு ஒரு மலையாத் தெரியாது.

இதை வெளிய எடுக்கறேன், பயப்படாதீங்க. இது வேற துணி. புதுசு, காலையில கடைத்தெருவுல வாங்கினேன். ஆமா, இதுவும் மஞ்சத்துணிதான். நானும் ஒரு காசு முடிஞ்சு எடுத்துட்டுப் போகலாம்னு. அவ வீட்டுக்கு வந்துடணும்னு வேண்டிக்கலாம்னுதான் முதல்ல நினைச்சேன். ஆனா அவ பதிலுக்கு ஒண்ணு முடிஞ்சிருப்பா தம்பி. அவ முடிச்சுக்கு முன்னாடி என் முடிச்சு நிக்குமா? அவளுக்கு இதுல அனுபவம் ஜாஸ்தி, சாமியும் அவ கட்சி. சரி, அவ சந்தோஷமா இருக்கணும்னு வேண்டிக்கலாம்னு பாத்தேன். அது ஏற்கெனவே பலிச்சுடுச்சு, போட்டோவுல தெரியுதே. அதுக்கு எதுக்குக் காசு?

வேண்டுதலை வாயில சொல்லிக்கிட்டேதான் முடிச்சை இறுக்கணுமாம். மாயவரத்துலேருந்து முடிச்சுப் போடுறேன், அவுக்கறேன், போடுறேன், அவுக்கறேன். சாமிகிட்ட என்ன கேக்கறதுன்னு எனக்குத் தெரியல தம்பி. இத்தனை வருஷம் காசு எடுத்துக் குடுத்ததோட சரி, கேட்டதெல்லாம் அவதான்.

டோல்கேட் வந்துடுச்சு போலிருக்கே, ஏர்போர்ட்டுக்கு நான் இங்கதான் எறங்கணும். அந்தத் துணி முனையைக் கொஞ்சம் இறுக்கிப் பிடிங்க, முடிச்சைப் போட்டுடறேன். நீங்க ஒண்ணும் வேண்டிக்காதீங்க, பிடிச்சா மட்டும் போதும்.